எமரால்டில் ஷைனி ரேகுவாசா: ரீசெட்டைத் தொடர்வதா, ஆட்டத்தையே முதலிலிருந்து ஆரம்பிப்பதா?

மீள்ஆட்டம்:

போக்கிமான் எமரால்டு, ஒரிஜினல் கார்ட்ரிட்ஜ், கேம் பாய் அட்வான்ஸ் எஸ்பியில் ஆடுகிறேன். ஸ்கை பில்லர் கோபுர உச்சியில் ரேகுவாசா என்ற பச்சை டிராகன் போக்கிமான் முன்னால் சேவ் செய்துவிட்டு, அபூர்வமாக வேறு நிறத்தில் வரும் ஷைனிக்காக (ரேகுவாசாவுக்கு அது கருப்பு) ரீசெட் அடித்துக்கொண்டிருக்கிறேன். ஏ, பி, ஸ்டார்ட், செலெக்ட் நான்கையும் ஒன்றாக அழுத்துவது, டைட்டில் திரை வந்ததும் ஏ பட்டனை விடாமல் தட்டிக்கொண்டே உள்ளே போவது, சண்டை ஆரம்பித்ததும் பச்சையா கருப்பா என்று பார்ப்பது, பச்சை என்றால் மறுபடி அதே நான்கு பட்டன். மாதக்கணக்கில் இதுதான் ஓடுகிறது.

இதில் ஒரு விஷயம் உறுத்துகிறது. அதன் எண்கள் எப்படி இருக்கும் என்று பார்க்க, இடையிடையே சில முறை, தவறாமல் பிடித்துவிடும் மாஸ்டர் பாலைப் போட்டுப் பிடித்துப் பார்த்தேன். வேறு வேறு நாளில் பிடித்த இரண்டு ரேகுவாசாவுக்கு ஒரே நேச்சர் (குணம்), தாக்குதல், வேகம் முதலான ஆறு எண்களும் ஒன்றுவிடாமல் அதேதான். தற்செயலாக இப்படி அமையுமா? இந்த சேவ் ஃபைலில் ஷைனியே வராது என்று எங்காவது உள்ளே எழுதி வைத்திருக்கிறதா? அப்படியென்றால் ஆட்டத்தையே அழித்துவிட்டுப் புதிதாக ஆரம்பிக்கலாம் என்று யோசிக்கிறேன், ஆட்டத் தொடக்கத்தில் தேர்ந்தெடுக்கும் முதல் போக்கிமானான ஸ்டார்ட்டரையும் ஷைனியாகவே எடுக்கலாம் என்ற ஆசையும் கூடவே வருகிறது. விஷயம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

நள்ளிரவுபட்டன்:

அழிக்க வேண்டாம். இந்தத் தலைமுறை ஆட்டங்களில் ஷைனிக்கான வாய்ப்பு 8192இல் ஒன்று. 2013இல் எக்ஸ், ஒய் ஆட்டங்கள் வந்தபோதுதான் அதை 4096இல் ஒன்றாக மாற்றினார்கள். 8192 முறை ரீசெட் அடித்துவிட்டால் கண்டிப்பாக வந்தாக வேண்டும் என்று பலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை, அத்தனை முறை அடித்த பிறகும் நூற்றுக்கு முப்பத்தாறு பேருக்கு மேல் வெறுங்கையோடுதான் இருப்பார்கள். பாதிப் பேருக்குக் கிடைத்திருக்கும் என்று சொல்லக்கூடிய இடம் ஏறத்தாழ 5678. ஒரு ரீசெட்டுக்கு அரை நிமிடம் என்று வைத்தால் 8192க்கு 68 மணி நேரம் ஆகும், அதனால் மாதக்கணக்கில் ஓடுவது இந்த வேட்டையில் சாதாரணம். முந்தைய முயற்சி எதுவும் அடுத்ததைப் பாதிக்காது. பொறுமையாகத் தொடருங்கள்.

ஹோயென்வாசி:

மேலே நண்பர் சொன்ன கணக்கு சரிதான், ஆனால் எமரால்டில் அது அப்படியே பொருந்தாது, மீள்ஆட்டம் கவனித்த விஷயமே அதற்குச் சான்று. ஒரே நேச்சர், ஒரே எண்கள் என்பது தற்செயல் இல்லை. கொஞ்சம் நீளமாகச் சொல்கிறேன், ஏனென்றால் இது தெரியாமல் வருடக்கணக்கில் ரீசெட் அடிப்பவர்கள் இருக்கிறார்கள்.

எந்த போக்கிமான் எந்த எண்களோடு வரும் என்பதை ஆட்டம் உண்மையில் குலுக்கிப் போட்டு எடுப்பதில்லை. ஒரு தொடக்க எண்ணிலிருந்து கணக்குப் போட்டு அடுத்த எண், அதிலிருந்து அடுத்தது என்று ஒரு நீண்ட வரிசையில் நடந்துகொண்டே இருக்கும். நீங்கள் ரேகுவாசாவிடம் போய் ஏ அழுத்தும் நொடியில் வரிசையில் எந்த இடத்தில் நிற்கிறதோ அதை வைத்துத்தான் உங்களுக்கு வரும் ரேகுவாசா உருவாகிறது. இதே தலைமுறை ஆட்டங்களான ஃபயர்ரெட், லீஃப்கிரீனில் தொடக்க எண் ஒவ்வொரு முறையும் மாறும், டைட்டில் திரையைத் தாண்டும் நேரத்தைப் பொறுத்து. ரூபி, சஃபையரில் உள்ளே இருக்கும் பேட்டரி உயிரோடு இருந்தால் கடிகாரத்தைப் பார்த்து மாறும், பேட்டரி தீர்ந்துவிட்டால் எப்போதும் ஒரே எண். எமரால்டிலோ பேட்டரி இருந்தாலும் இல்லாவிட்டாலும், ஸ்விட்சை அணைத்துப் போட்டாலும் நான்கு பட்டனை அழுத்தினாலும், தொடக்கம் எப்போதும் பூஜ்யம். அதே வரிசை, அதே இடத்திலிருந்து, ஒவ்வொரு முறையும்.

வரிசை நொடிக்கு ஏறத்தாழ 60 படி நகரும். இப்போது உங்கள் பழக்கத்தை யோசித்துப் பாருங்கள். ஏ பட்டனை விடாமல் தட்டிக்கொண்டே உள்ளே போகிறீர்கள், கை பழகிவிட்டது, ரீசெட்டிலிருந்து ரேகுவாசா வரை ஆகும் நேரம் ஒவ்வொரு முறையும் கிட்டத்தட்ட ஒன்றே. நான்கைந்து நொடிதான் முன்னே பின்னே இருக்கும் என்று வைத்தால், வரிசையில் ஒரு முந்நூறு இடங்களைத்தான் திரும்பத் திரும்பத் தொட்டுக்கொண்டிருக்கிறீர்கள். அந்த முந்நூறில் ஒன்றாவது ஷைனியாக இருக்க நூற்றுக்கு நான்கு கூட வாய்ப்பில்லை. அங்கே இல்லையென்றால் இந்த வேகத்தில் பத்து வருடம் அடித்தாலும் கருப்பு வராது.

சேவ் ஃபைல் பற்றிய உங்கள் சந்தேகத்திலும் பாதி உண்மை இருக்கிறது. ஷைனியா இல்லையா என்பதைத் தீர்மானிப்பது போக்கிமானின் எண் மட்டும் இல்லை, உங்கள் ட்ரெய்னர் எண்ணும் சேர்ந்துதான். ட்ரெய்னர் கார்டில் தெரியும் ஐந்து இலக்க எண் ஒன்று, திரையில் எங்குமே காட்டாத ரகசிய எண் இன்னொன்று. இரண்டும் புது ஆட்டம் ஆரம்பிக்கும்போதே முடிவாகிவிடும், அப்புறம் மாறாது. ஆகவே வரிசையில் எந்தெந்த இடம் ஷைனி என்பது ஒவ்வொரு சேவ் ஃபைலுக்கும் வேறு. ஒருவருக்கு 20ஆவது நொடியில் இருப்பது இன்னொருவருக்கு நாலாவது நிமிடத்தில் இருக்கலாம். ஷைனியே இல்லாத சேவ் ஃபைல் என்று ஒன்று கிடையாது, நீங்கள் நிற்கும் இடத்தில் இல்லை என்பதுதான் விஷயம்.

செய்ய வேண்டியது எளிது. சேவ் திறந்ததும் உடனே ஏ அழுத்தாதீர்கள். ரேகுவாசா முன்னால் நின்றபடி காத்திருங்கள். ஒருமுறை 5 நொடி, அடுத்து 12, அடுத்து 20, அப்புறம் ஒரு நிமிடம், இரண்டு நிமிடம். பக்கத்தில் போனில் ஸ்டாப்வாட்ச் ஓடட்டும். ஒரு நொடிக்குள்ளேயே 60 இடம் இருப்பதால் ஒரே நொடியில் பல முறை முயன்றாலும் வீணில்லை, ஆனால் அந்த ஒரே நொடியிலேயே தங்கிவிடக் கூடாது. சரியாகப் பரப்பி அடித்தால் உங்கள் வாய்ப்பு பழையபடி 8192இல் ஒன்றுக்குத் திரும்பும், அதற்கு மேல் கூடாது. இதையும் முன்பே சொல்லிவிடுகிறேன், நாளைக்கே கருப்பு வந்துவிடும் என்று எதிர்பார்த்து ஏமாற வேண்டாம்.

புல்லில் நடந்து சந்திக்கும் போக்கிமான்களுக்கு இந்தச் சிக்கல் இல்லை. ரீசெட் அடிக்காமல் நடந்துகொண்டே இருந்தால் வரிசை ஓடிக்கொண்டே போகும்.

நள்ளிரவுபட்டன்:

எமரால்டில் பூஜ்யத்திலிருந்து ஆரம்பிக்கும் என்பது எனக்குப் புதிது, நன்றி. அப்படியென்றால் ட்ரெய்னர் எண், ரகசிய எண் இரண்டும் தெரிந்தால் எந்த நொடியில் அழுத்த வேண்டும் என்று கணக்கே போட்டுவிடலாமே? அதை ஏன் சொல்லவில்லை?

ஹோயென்வாசி:

போடலாம், அதற்கென்றே மென்பொருள்கள் இருக்கின்றன. ஆனால் ரகசிய எண்ணைக் கண்டுபிடிக்க அந்த சேவ் ஃபைலில் பிடித்த ஷைனி ஒன்றாவது கையில் இருந்தால்தான் வேலை சுலபம், அவரிடம் அது இல்லை. இன்னொன்று, அது வேறு வகை ஆட்டம். பிசகாமல் ஒரு ஃப்ரேமில், அதாவது நொடியில் அறுபதில் ஒரு பங்கில், அழுத்தப் பழகுவது தனித் திறமை, அதை ஏமாற்று என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் இத்தனை நாள் ரீசெட் அடித்தவருக்கு அந்தக் கருப்பு எதிர்பாராமல் திரையில் வருவதுதானே வேண்டும். அவர் கேட்டால் விளக்குகிறேன்.

பழையஇணைப்புவயர்:

புதிதாக ஆரம்பிக்கும் யோசனை இன்னும் இருக்கிறதென்றால் ஒரு எச்சரிக்கை. எமரால்டில் சேவ் ஒன்றுதான். புது ஆட்டம் தொடங்கி, நடுவில் சேவ் கொடுத்த கணமே பழையது முழுவதும் போய்விடும், திரும்ப எடுக்க வழியே இல்லை. பழைய அணியில் பிரியமானவர்கள் இருந்தால் முதலில் அவர்களை வெளியே அனுப்புங்கள்.

இரண்டு வழி. ஒன்று, இன்னொரு கேம் பாய் அட்வான்ஸும் ரூபியோ சஃபையரோ இருந்தால் லிங்க் கேபிள் போட்டு மாற்றிக்கொள்ளலாம், ஆட்டம் முடிந்த பிறகு திரும்பவும் வாங்கிக்கொள்ளலாம். இரண்டாவது, கேம் பாய் கார்ட்ரிட்ஜ் ஏறும் பழைய டிஎஸ் அல்லது டிஎஸ் லைட் இருந்தால் டைமண்ட், பேர்ல் ஆட்டங்களில் பழைய ஆட்டங்களின் போக்கிமான்களைக் கொண்டுவரும் இடமான பால் பார்க். இங்கே ஒரு தடவைக்கு ஆறு பேர், ஒரே கார்ட்ரிட்ஜிலிருந்து அடுத்த ஆறு பேரைக் கொண்டுவர 24 மணி நேரம் காத்திருக்க வேண்டும். சர்ஃப், ஃப்ளை மாதிரி, சாதாரணமாக மறக்கவைக்க முடியாத எச்எம் நகர்வு தெரிந்தவர்களை அது ஏற்காது, லில்லிகோவ் நகரில் இருக்கும் மூவ் டிலீட்டரிடம் போய் மறக்கவைத்துவிட்டு வாருங்கள். போனவர்கள் எமரால்டுக்குத் திரும்ப மாட்டார்கள், அது ஒருவழிப் பாதை.

உங்களுடையது ஒரிஜினல் என்பதால் பால் பார்க்கில் பிரச்சினை வராது. இதைப் படிக்கும் மற்றவர்களுக்காகச் சொல்கிறேன், எமரால்டுக்குப் போலிகள் ஏராளம், பல போலி கார்ட்ரிட்ஜ்களை டிஎஸ் கண்டுகொள்வதே இல்லை, சிலவற்றில் சேவே நிற்பதில்லை. மாதக்கணக்கில் நடக்கும் ஒரு வேட்டையை அப்படிப்பட்ட ஒன்றில் தொடங்காதீர்கள்.

மீள்ஆட்டம்:

எல்லோருக்கும் நன்றி. ஹோயென்வாசி எழுதியதைப் படித்ததும் முதல் வேலையாக ஒரு சோதனை செய்தேன். வழக்கமான வேகத்தில் அடித்து ஒன்றைப் பிடித்தேன், அப்புறம் ஒரு நிமிடம் காத்திருந்து ஒன்றைப் பிடித்தேன். காத்திருந்து பிடித்ததற்கு இதுவரை நான் பார்க்காத நேச்சர். ஆக, ரேகுவாசா வேட்டையை இதே சேவில் காத்திருப்பு நேரத்தை மாற்றி மாற்றித் தொடரப் போகிறேன்.

ஸ்டார்ட்டர் ஆசை மட்டும் போகவில்லை. நண்பர் ஒருவர் தன் எமரால்டைத் தருவதாகச் சொல்கிறார், அதில் சேவ் எதுவும் இல்லை. அங்கேயும் இதே பூஜ்யக் கதைதானே? ட்ரீக்கோ, டார்ச்சிக், மட்கிப் மூன்றில் எதை எடுப்பது நல்லது?

ஹோயென்வாசி:

அதே கதைதான். ரூட் 101இல் பேராசிரியர் பிர்ச்சின் பைக்கு முன்னால் நின்று சேவ் செய்யுங்கள். பையைத் திறந்து போக்கிமானைத் தேர்ந்தெடுத்து 'ஆம்' கொடுக்கும் நொடிதான் முக்கியம், காத்திருப்பதை அதற்கு முன்பே செய்துவிட வேண்டும். டெக்ஸ்ட் வேகத்தை முதலிலேயே அதிகபட்சத்துக்கு மாற்றிவிடுங்கள். சண்டை உடனே தொடங்கிவிடும், உங்கள் போக்கிமான் பந்திலிருந்து வந்ததும் நட்சத்திரம் மின்னி சத்தம் வருகிறதா என்று பாருங்கள். வரவில்லையென்றால் அந்தச் சண்டையிலேயே போக்கிமான் பட்டியலில் சம்மரியைத் திறந்து நேச்சரைக் குறித்துக்கொள்ளலாம், ஒரே இடத்தில் சுற்றிக்கொண்டிருக்கிறீர்களா என்பது இரண்டு மூன்று முறையிலேயே தெரிந்துவிடும். இதற்கு மாஸ்டர் பால்கூடத் தேவையில்லை.

அந்தச் சண்டையில் எதிரே வரும் காட்டுப் போக்கிமானான சிக்ஸாகூனும் ஷைனியாக வரலாம். அப்போது உங்களிடம் ஒரு பந்துகூட இருக்காது. பார்த்து ரசித்துவிட்டு அடித்துவிடுங்கள், வேறு வழியில்லை.

மூன்றில் என் ஓட்டு மட்கிப்புக்கு. நீலம் போய் ஊதாவாகிவிடும், கண்ணை மூடித் திறந்தால்கூடத் தவறவிட முடியாது. டார்ச்சிக்கின் ஆரஞ்சு கொஞ்சம் மஞ்சளாக மாறும், அவ்வளவுதான், தூக்கக் கலக்கத்தில் நட்சத்திரத்தைக் கவனிக்காமல் விட்டால் நான்கு பட்டனை அழுத்தி அதை அழித்துவிட்டுப் போய்விடுவீர்கள். ட்ரீக்கோவும் பச்சையிலிருந்து நீலப்பச்சைதான்.

ஊதாவால்:

மட்கிப்புக்கு இன்னொரு ஓட்டு. நிறம் மட்டும் காரணம் இல்லை, முதல் ஜிம் பாறை வகை என்பதால் தண்ணீர் போதும், 16ஆவது லெவலில் மார்ஷ்டாம்ப் ஆனதும் நில வகையும் சேர்ந்துவிடும், மின்சார வகை ஜிம்மின் தலைவர் வாட்சனின் மின்சாரம் அதைத் தொடாது. ஷைனிக்காக இவ்வளவு பாடுபட்டு எடுத்ததைப் பெட்டியில் பூட்டி வைக்காமல் கடைசி வரை அணியில் வைத்து ஆட முடிகிற ஸ்டார்ட்டர் அது.

ரேகுவாசாவுக்கும் ஒன்று சொல்லிவிடுகிறேன். கருப்பு வந்ததும் கை நடுங்கும், அதனால் பையில் பால்கள் இருக்கும் பகுதியில் மாஸ்டர் பாலை முதல் இடத்துக்கு இப்போதே நகர்த்தி வைத்து அதன் பிறகு சேவ் செய்யுங்கள். மாஸ்டர் பால் இல்லாமல் மோதுகிறவர்கள் தூங்கவைக்கும் ஒரு போக்கிமானையும் சண்டை நீள நீளப் பிடிக்கும் வாய்ப்பு கூடும் டைமர் பால் நிறையவும் எடுத்துப் போக வேண்டும். 70ஆவது லெவலில் ரேகுவாசாவுக்கு ரெஸ்ட் என்ற நகர்வு தெரியும், நீங்கள் குறைத்து வைத்த உயிரை எல்லாம் ஒரே வீச்சில் நிரப்பிக்கொண்டு தூங்கிவிடும். அதைப் பார்த்துப் பதற வேண்டாம், தூங்கும்போது பிடிபடும் வாய்ப்பு கூடும், பந்தை எறிந்துகொண்டே இருங்கள். வந்ததும் இங்கே படம் போடுங்கள்.