இந்தோனேசிய இளசுகளோடு: உங்கள் அனுபவம் என்ன?

மின்ரயில் பயணி, ஜகார்த்தா:

2022 ஜூலையில் இங்கே இருந்தவர்களுக்கு நகர நடுவே டுகு அத்தாஸ் பகுதியில் கூடிய கூட்டம் மறந்திருக்காது. சித்தாயம், போஜோங்கெடே, டெபோக் என்று தெற்குப் புறநகர்ப் பிள்ளைகள் மின்ரயிலில் வந்து சுதிர்மான் ஸ்டேஷனில் இறங்குவார்கள். நான் வேலை முடிந்து வீட்டுக்கு ரயில் பிடிக்கப் போகும்போதுதான் அவர்களுக்குப் பொழுதே விடியும். சுற்றிலும் வானளாவிய அலுவலகங்கள், நடுவில் ஒரு ஜீப்ரா கிராசிங். அதுதான் மேடை. தொளதொள சட்டையும் கிழிந்த ஜீன்ஸுமாக நாலைந்து பேர் நடப்பார்கள், எதிரே ஒருவன் குந்தி உட்கார்ந்து போனில் பிடிப்பான்.

ஒரு சாயங்காலம் ஒரு பையன், "ஓம், இதைக் கொஞ்சம் பிடிச்சுக்கோங்க" என்று தன் பையை என் கையில் திணித்துவிட்டு நடந்து போனான். (இங்கே மாமா முறைக்கு 'ஓம்'தான்.) திரும்பி வந்தவன், சைக்கிளில் பிளாஸ்க் கட்டிக்கொண்டு வரும் காபிக்காரரிடம் எனக்கும் ஒரு கப் பாக்கெட் காபி வாங்கிக் கொடுத்தான். சட்டை எங்கே வாங்கினாய் என்று கேட்டேன். பசார் செனனில், பழைய துணிக் கடையிலாம்.

அப்புறம் பெரிய மனிதர்கள் வந்தார்கள். ஆளுநர் நடந்தார், மாடல்கள் நடந்தார்கள். ஒரு நடிகரின் நிறுவனம், இந்தக் கூட்டத்துக்கு ஊர் வைத்த 'சித்தாயம் பேஷன் வீக்' என்ற பெயரையே தன் பேரில் பதிவு செய்யப் பார்த்து, ஊரே திட்டியதும் பின்வாங்கியது. நெரிசல் என்று சொல்லிப் போலீசும் கலைக்க, ஆகஸ்டோடு ஆட்டம் ஓய்ந்தது. காசில்லாத பிள்ளைகள் சும்மா உட்கார்ந்து பேச ஒரு இடம் இருந்தது, அது போனதுதான் எனக்கு வருத்தம். பேஷன் எல்லாம் ஒரு சாக்கு.

சோலோவில் படித்தவன்:

சாக்கு என்பது ரொம்பச் சரி. 2019-ல் எங்களுக்குக் கிடைத்த சாக்கு பாடகர் டிடி கெம்போட். ஐம்பதைத் தாண்டிய மனிதர், தலையில் பிளாங்கோன் என்கிற ஜாவாத் தலைப்பாகை, ஜாவா மொழியில் காதல் தோல்விப் பாட்டு. அதுவரை அதெல்லாம் அப்பாக்கள் கேட்கிற பாட்டு. திடீரென்று ட்விட்டரில் பிள்ளைகள் தங்களை 'சோபாட் அம்பியார்' (மனசு நொறுங்கிய நண்பர்கள்) என்று அழைத்துக்கொண்டு கச்சேரிக்குக் கிளம்பிவிட்டார்கள். என் அறைத் தோழன் கறுப்பு டீ-ஷர்ட் போட்ட, மெட்டல் இசை கேட்கிற ஆசாமி. ரயில்வே ஸ்டேஷன் பிரிவுப் பாட்டு வந்ததும் என் தோளில் சாய்ந்து அழுதான். இத்தனைக்கும் அவனுக்குக் காதலியே கிடையாது! 2020 மே மாதம் அவர் இறந்தபோது கொரோனா காலம். கூட வழியில்லாமல் ஆளுக்கொரு போனில் அழுதார்கள். இப்போது டென்னி சக்னான் மாதிரி இளையவர்கள் அதே ஜாவா மொழியில் பாடிக் கூட்டம் சேர்க்கிறார்கள்.

ஞாயிறு ஓட்டக்காரன்:

ஜகார்த்தாவின் சுதிர்மான் சாலையில் இப்போது ஓட்டம்தான் பேஷன். ஞாயிறு காலை வண்டிகளை நிறுத்திவிடுவதால் சாலை முழுக்கப் புது ஷூக்கள். ஓடிய தூரத்தைப் பதிந்து எல்லாருக்கும் காட்டுகிற ஸ்ட்ராவா ஆப்பை வைத்து, 2024-ல் 'ஜோக்கி ஸ்ட்ராவா' என்று ஒரு தொழிலே முளைத்தது. உங்கள் கணக்கில் வேறொருவன் ஓடிக் கொடுப்பான், கிலோமீட்டருக்கு இவ்வளவு என்று ரேட். அந்தச் சமயத்தில் ஒரு நாள் ஓடிவிட்டுக் கோழிக் கஞ்சி சாப்பிட உட்கார்ந்தோம். எங்கள் ஆபீஸ் பையன் ஒருவன் எதிரே கஞ்சியில் அப்பளம் நொறுக்கிக்கொண்டிருக்கிறான், ஸ்ட்ராவாவில் அவன் பத்தாவது கிலோமீட்டரை முடித்திருக்கிறான். எல்லாரும் சிரித்து முடித்ததும் பக்கத்திலிருந்தவன் கேட்ட முதல் கேள்வி: "கிலோமீட்டருக்கு எவ்வளவு வாங்குறான்?"