மோரே எல்லையில் பாஸும் வேலியும்: தேவையா, தொல்லையா?

கறார் கந்தன்: மணிப்பூரின் மோரேயும் மியான்மரின் டாமுவும் ஒட்டிய ஊர்கள். எல்லையின் இரு பக்கமும் 16 கி.மீ. வரை மலைவாழ் மக்கள் விசா இல்லாமல் போய்வரலாம் என்று இருந்தது. 2024 பிப்ரவரியில் அதை ரத்து செய்வதாக உள்துறை அறிவித்தது. டிசம்பரில் 10 கி.மீ., அதற்கும் எல்லையைக் காக்கும் அசாம் ரைபிள்ஸ் படை தரும் பாஸ் என்று ஆக்கினார்கள். சரியான முடிவு. போதைப்பொருளும் ஆயுதமும் வருகிற வழியைத் திறந்து போட்டுவிட்டு உறவு, பாசம் என்று பேசக்கூடாது.

பர்மா பஜார்: கந்தன் சார், மோரே பிழைத்ததே அந்த எல்லை கேட் ஒன்றை நம்பித்தான். தாண்டினால் நடக்கிற தூரத்தில் நம்ஃபலாங் சந்தை. கம்பளி, செருப்பு, பாத்திரம் வாங்க இம்பாலிலிருந்தெல்லாம் வருவார்கள். காலையில் போய்ச் சாயங்காலம் திரும்புவதுதான். அப்படி வந்து போகிறவர்களை நம்பித்தான் சாப்பாட்டுக் கடைக்காரரும் வண்டிக்காரரும் இருந்தார்கள். நம்மவர்களும் உண்டு. 1962க்குப் பிறகு பர்மாவிலிருந்து கிளம்பி வந்து, தமிழ்நாட்டில் ஒட்டாமல் திரும்பிப் போகப் பார்த்து, எல்லையில் தடுக்கப்பட்டு மோரேயிலேயே தங்கிவிட்ட தமிழர்கள். அங்காள பரமேஸ்வரி கோயிலே கட்டியிருக்கிறார்கள்.

கறார் கந்தன்: கோயில் இருந்தால் காவல் வேண்டாமா? மியான்மரில் 2021 ராணுவப் புரட்சிக்கு அப்புறம் அந்தப் பக்கம் சண்டை. 2023 மே முதல் இனக்கலவரத்தில் மணிப்பூரே எரிந்தது. யார் வருகிறார், யார் போகிறார் என்று எழுதி வைப்பதில் என்ன குற்றம்?

மலைப்பாதை: நாகாலாந்து லாங்வாவில் கிராமத் தலைவர் 'அங்' வீட்டுக்குள்ளேயே எல்லைக்கோடு ஓடுகிறது. அவர் எந்த அறைக்குப் பாஸ் எடுப்பார்? நாகாலாந்து, மிசோரம் சட்டசபைகள் ரெண்டும் இந்த ரத்தை எதிர்த்துத் தீர்மானம் போட்டன. மணிப்பூர் அரசோ ஆதரித்தது. ஒரே எல்லை, மூன்று ஊர் நியாயம்.

பர்மா பஜார்: கடத்துகிறவன் கேட்டில் வரிசையில் நிற்க மாட்டான் சார்.

கறார் கந்தன்: அதற்குத்தானே வேலி!

பர்மா பஜார்: மொத்த எல்லை 1,643 கி.மீ. 2024 பிப்ரவரி வரை வேலி முடிந்தது மோரேயில் 10 கி.மீ. அதாவது காடும் மலையும் திறந்தே கிடக்க, சந்தைக்குப் போகிறவன் எதிரில்தான் முதல் வேலி.

கறார் கந்தன்: எங்கேயாவது தொடங்கித்தானே ஆகணும்?

மலைப்பாதை: தொடங்கட்டும். ஆனால் சந்தை நாளில் காய்கறிக் கூடையோடு வருகிறவருக்குப் பாஸ் அன்றைக்கே கிடைக்குமா? அதைச் சொல்லுங்க முதலில்.