தெல்மா ரிட்டருக்கு ஆஸ்கர் விருது ஏன் கிடைக்கவில்லை?

கேள்வி – பழம்படவிரும்பி:

அண்மையில் 'ரியர் விண்டோ' (1954) படத்தை மீண்டும் பார்த்தபோது, கால் முறிந்து நாற்காலியில் முடங்கிக் கிடக்கும் நாயகனுக்கு உடம்பு பிடித்துவிட வரும் செவிலி ஸ்டெல்லாவின் மீதே என் கவனம் சென்றது. அவ்வேடத்தை ஏற்ற தெல்மா ரிட்டர், சிறந்த துணை நடிகைக்கான ஆஸ்கர் விருதுக்கு ஆறு முறை பரிந்துரைக்கப்பட்டும் ஒரு முறைகூட அதைப் பெறவில்லை. அவற்றுள் நான்கு, 1950 முதல் 1953 வரை தொடர்ந்து வெளிவந்த படங்களுக்கானவை. ஸ்டெல்லா வேடத்துக்கோ பரிந்துரையே இல்லை. இவ்வளவு மதிக்கப்பட்ட ஒரு குணச்சித்திர நடிகைக்கு விருது கைகூடாததன் காரணத்தை அறிந்தவர்கள் விளக்க வேண்டும். அவருடைய படங்களுள் எதை முதலில் பார்க்கலாம் என்றும் சொன்னால் நன்றியுடையவனாவேன்.

மறுமொழி – திரைக்கணக்கன்:

வணக்கம், நண்பரே. 'ஆல் அபௌட் ஈவ்' (1950) படத்துக்காக ரிட்டரும் செலஸ்ட் ஹோமும் ஒரே பிரிவில் பரிந்துரைக்கப்பட்டதால் வாக்குகள் பிரிந்தன என்று பலர் எழுதுவதுண்டு. ஆஸ்கரை வழங்கும் அகாதெமி வாக்கு எண்ணிக்கையை வெளியிடுவதில்லை என்பதால் அது ஊகத்துக்கு மேல் செல்லாது. ரிட்டரை வென்றவர்களின் வரிசையைப் பார்ப்பது கூடுதல் பயன் தரும். 1950-இல் 'ஹார்வி' படத்தின் ஜோசபின் ஹல், 1951-இல் 'எ ஸ்ட்ரீட்கார் நேம்ட் டிசையர்' படத்தின் கிம் ஹண்டர், 1962-இல் 'தி மிரக்கிள் வொர்க்கர்' படத்தின் பாட்டி டியூக் ஆகிய மூவரும் நியூயார்க்கின் பிராட்வே நாடக மேடையில் முன்பே நடித்துப் புகழ்பெற்ற அதே வேடத்தைத் திரைக்குக் கொண்டுவந்தவர்கள். அதிலும் பாட்டி டியூக்கினுடையது, துணை வேடம் என்று சொல்லத் தயங்க வேண்டிய அளவுக்குப் பெரியது. 1953-இல் டோனா ரீட், எட்டு விருதுகளை அள்ளிய 'ஃப்ரம் ஹியர் டு எடர்னிட்டி' படத்தின் அலையோடு வந்தார்.

வேடம் சிறியதாக இருந்ததே காரணம் என்றும் சொல்லிவிட முடியாது. 1952-இல் வென்ற குளோரியா கிரகாம், 'தி பேட் அண்ட் தி பியூட்டிஃபுல்' படத்தில் தோன்றுவது சில நிமிடங்களே. எனினும் அவ்வாண்டில் அவருடைய படங்கள் நான்கு வெளியாயின. எங்கு திரும்பினாலும் அவர் முகம்தான் தெரிந்திருக்கும்.

மறுமொழி – அரங்குவாசி:

திரைக்கணக்கன் ஐயா கூறுவதை மறுக்கவில்லை. ஆனால் போட்டியாளர்களை மட்டும் வைத்து இதை விளக்குவது எனக்கு நிறைவளிக்கவில்லை. புரூக்ளினில் 1902-இல் பிறந்து, அமெரிக்க நாடகக் கலை அகாதெமியில் முறையாகப் பயின்ற ரிட்டர், 'மிரக்கிள் ஆன் தர்ட்டி ஃபோர்த் ஸ்ட்ரீட்' படத்தில் பெயர்கூடப் போடப்படாத ஒரு களைத்த தாயாகத் திரையில் அறிமுகமானபோது அவருக்கு வயது 45. அதன் பின் அவருக்கு வந்தவை பணிப்பெண், செவிலி, வீட்டு வேலைக்காரி என்ற வேடங்களே. புரூக்ளின் பேச்சும் கரகரத்த குரலும் அவரை உடனே அடையாளம் காட்டின. அவர் நடிக்கிறார் என்பதையே பார்ப்பவர்கள் மறந்துவிட்டனர். 'பில்லோ டாக்' (1959) படத்தில் எந்நேரமும் போதை தெளியாத வேலைக்காரியாக வருவதைக் கண்டு சிரித்தவர்கள், அந்தச் சிரிப்பின் பின்னுள்ள உழைப்பைக் கணக்கில் எடுத்திருக்க மாட்டார்கள்.

'ஆல் அபௌட் ஈவ்' படத்தில் ரசிகையாக வந்து ஒட்டிக்கொள்ளும் ஈவின் பணிவு பொய் என்பதை முதலில் மோப்பம் பிடிப்பது, நடிகை மார்கோவுக்கு ஒப்பனை அறையில் உதவும் பேர்டிதான். படத்தின் நடுவிலேயே அப்பாத்திரம் சொல்லாமல் கொள்ளாமல் மறைந்துவிடுகிறது. எழுதி இயக்கிய ஜோசப் மன்கீவிச் மீது எனக்கு இதில் தீராத வருத்தம் உண்டு. மேடை ரிட்டரை வேறுவிதமாக நடத்தியது: 'நியூ கேர்ள் இன் டவுன்' இசை நாடகத்துக்காக 1958-இல் முதன்மை நடிகைக்கான டோனி என்ற நாடக விருதை குவென் வெர்டனுடன் சமமாகப் பகிர்ந்துகொண்டார்.

மறுமொழி – நிழலோவியம்:

எதில் தொடங்குவது என்ற கேள்விக்கு இன்னும் விடை வரவில்லை. என் தேர்வு சாமுவேல் ஃபுல்லர் இயக்கிய 'பிக்கப் ஆன் சவுத் ஸ்ட்ரீட்' (1953). தெருவில் கழுத்துப்பட்டை விற்றுக்கொண்டே காவல்துறைக்குத் துப்பும் விற்கும் மோ என்ற முதியவளாக அவர் நடித்திருக்கிறார். அநாதைப் பிணமாகப் பொதுக்குழியில் புதைக்கப்படக் கூடாது என்பதற்காக, நல்ல கல்லறையில் ஓர் இடத்துக்குக் காசு சேர்ப்பவள் அவள். பணம் கொடுத்தால் எவரைப் பற்றியும் சொல்லிவிடும் அந்தப் பெண், கொலைகாரன் துப்பாக்கியோடு வந்து நாயகனின் இருப்பிடத்தைக் கேட்கும்போது மட்டும் சொல்ல மறுக்கிறாள். அக்காட்சியில் அவர் அழவோ கெஞ்சவோ இல்லை. நாள் முழுவதும் நடந்த களைப்பை மட்டுமே காட்டுகிறார். அவ்வேடத்துக்கே அவர் வென்றிருக்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

அடுத்து 'தி மேட்டிங் சீசன்' (1951) பாருங்கள். மருமகள் தன்னைச் சமையற்காரி என்று தவறாக எண்ணிக்கொள்ள, அதைத் திருத்தாமல் மகன் வீட்டிலேயே வேலைக்கிருக்கும் மாமியார் வேடம் அது. விளம்பரத்தில் ஜீன் டியர்னிக்குப் பின்னால்தான் அவர் பெயர் வரும். கதையைத் தாங்குபவரோ ரிட்டரே. அரங்குவாசி குறிப்பிட்ட வேலைக்காரி வார்ப்பிலிருந்து அவர் முற்றிலும் விலகியதைக் காண 'பேர்ட்மேன் ஆஃப் அல்காட்ராஸ்' (1962) போதும். சிறையிலிருக்கும் மகனை வேறொரு பெண்ணுடன் பகிர்ந்துகொள்ள மறுக்கும் தாயாக, அவர் அதில் ஒருமுறைகூடச் சிரிப்பூட்ட முயலவில்லை.