2005க்குப் பின் முழு ஆல்பம் இல்லை. மிஸ்ஸி எலியட்டின் மதிப்பு ஏன் குறையவில்லை?

இசைநேசன் (கேள்வி):
அமெரிக்க ராப் பாடகி மிஸ்ஸி எலியட் 2005இல் ‘தி குக்புக்’ ஆல்பத்தை வெளியிட்ட பிறகு முழு நீள ஆல்பம் எதையும் தரவில்லை. ஆனாலும் 2023இல் ராக் அண்டு ரோல் புகழ் மன்றத்தில் சேர்க்கப்பட்ட முதல் பெண் ஹிப்-ஹாப் கலைஞர் அவர்தான். இது பழைய புகழின் மிச்சம்தானா?

தேன்மொழி:
அவரைப் பாடகியாக மட்டும் பார்த்தால் அப்படித்தான் தோன்றும். வர்ஜீனியாவின் போர்ட்ஸ்மவுத்தில் பிறந்த அவர் முதலில் ‘சிஸ்டா’ என்ற பெண்கள் குழுவில் இருந்தார். அக்குழுவின் ஆல்பம் கிடப்பில் போடப்பட்டது. அதன்பின் இளமைக்கால நண்பரும் இசைத் தயாரிப்பாளருமான டிம்பலாண்டுடன் சேர்ந்து, அமெரிக்கப் பாடகி ஆலியாவின் ‘ஒன் இன் எ மில்லியன்’ (1996) ஆல்பத்திற்குப் பல பாடல்களை உருவாக்கிய வலுவில்தான், எலெக்ட்ரா இசை நிறுவனத்தின் கீழ் ‘கோல்ட்மைண்ட்’ என்ற சொந்த இசை வெளியீட்டு லேபிளை அவரால் பெற முடிந்தது. முதல் தனி ஆல்பமான ‘சூப்பா டூப்பா ஃபிளை’ 1997இல்தான் வந்தது. முதலில் எழுத்தும் தயாரிப்பும், பிறகே மேடை என்ற இந்த வரிசையைக் கவனியுங்கள்.

கரிகாலன்:
தேன்மொழி சொல்வது சரி. ஆயினும் காட்சியை விட்டுவிடக் கூடாது. பெண் ராப் கலைஞர்களிடம் கவர்ச்சியையே சந்தை எதிர்பார்த்த அந்தக் காலத்தில், அந்த முதல் ஆல்பத்தின் ‘தி ரெய்ன்’ பாடலுக்கு ஹைப் வில்லியம்ஸ் இயக்கிய வீடியோவில் காற்றடைத்த கறுப்பு உடையுடன் அவர் வந்து நின்றார். எனக்கு இன்றும் அதுவே அவருடைய மிகத் துணிச்சலான செயல். 2002இல் வந்த ‘வர்க் இட்’ பாடலில் ஒரு வரியைத் தலைகீழாக ஓடவிட்டார். அந்த விசித்திரத்தோடேயே அது அமெரிக்காவின் பில்போர்ட் பாடல் தரவரிசைப் பட்டியலில் 10 வாரங்கள் இரண்டாம் இடத்தில் இருந்தது. முதலிடத்தை ராப் பாடகர் எமினெம் விட்டுத்தரவில்லை!

இசைநேசன்:
இருவருக்கும் நன்றி. அப்படியானால் 2005க்குப் பின் என்ன செய்துகொண்டிருந்தார்?

தேன்மொழி:
தைராய்டு சுரப்பி மிகையாகச் சுரக்கும் கிரேவ்ஸ் நோய் அவருக்கு இருப்பது 2008இல் தெரியவந்தது. 2011இல்தான் அதை வெளியே சொன்னார். ஆனால் அந்த ஆண்டுகளிலும், ஜாஸ்மின் சல்லிவனின் ‘நீட் யூ பேட்’ (2008), மோனிகாவின் ‘எவ்ரிதிங் டு மீ’ (2010) போன்ற வெற்றிப் பாடல்களின் தயாரிப்பில் அவர் பெயர் இருந்தது. நீங்கள் இடைவெளி என்று கருதும் காலத்தில் அவர் ஒலிவாங்கியின் முன்னால் குறைவாகத்தான் நின்றார். தொழிலை விட்டு விலகவில்லை. 2019இல் பாடலாசிரியர் புகழ் மன்றம் அவரைச் சேர்த்துக்கொண்டபோதும் அந்தப் பெருமையைப் பெற்ற முதல் பெண் ராப் கலைஞர் அவர்தான். என் கணக்கில், 2023ஐவிட அதுவே அவருக்குப் பொருத்தமான அங்கீகாரம்.