தனிம வரிசை அட்டவணையில் இட்ரியத்துக்குக் கீழே லாந்தனமா, லுட்டீசியமா? முடிவு வந்துவிட்டது என்று புளுகாதீர்கள்

தாதுமணல்: "ஐயூபேக் தீர்ப்புச் சொல்லியாச்சு, 3-ஆம் தொகுதியில் இனி லுட்டீசியம்தான், லாந்தனம் போட்ட அட்டவணையைக் கிழித்துப் போடுங்கள்" என்று ஒரு படம் சுற்றுகிறது. ஐயூபேக் என்பது தனிமங்களின் பெயரையும் அட்டவணையையும் பார்த்துக்கொள்ளும் உலக வேதியியல் சங்கம். யார் சொன்ன தீர்ப்பு? 2021-இல் வந்தது தற்காலிக அறிக்கை. ஐயூபேக் வெளியிடும் அட்டவணையில் இட்ரியத்துக்குக் கீழே ஒரு தனிமத்தின் பெயர் கிடையாது. லாந்தனம் முதல் லுட்டீசியம் வரை 15-ம் கீழே தனி வரிசையில் நிற்கின்றன. லாந்தனத்தின் 4எஃப் ஆர்பிட்டால் (அணுவில் எலக்ட்ரான் தங்கும் இடம்) காலி. 5டி-யில் ஒன்று, 6எஸ்-இல் இரண்டு, அவ்வளவுதான். எஃப் எலக்ட்ரானே இல்லாததை எஃப் தொகுப்பில் (எஃப் ஆர்பிட்டால் நிரம்பும் தனிமங்களின் கூட்டத்தில்) தள்ளுவது எந்த ஊர் நியாயம்?

நிறமாலை: தோரியத்திலும் 5எஃப் காலிதான். 6டி-யில் இரண்டு, 7எஸ்-இல் இரண்டு. அதை 4-ஆம் தொகுதியில் ஹாஃப்னியத்துக்குக் கீழே கொண்டுபோய் வைப்பீர்களா? லுட்டீசியத்தில் 4எஃப் 14-ம் நிரம்பி மூடிவிட்டது, அடுத்த எலக்ட்ரான் 5டி-யில். டி தொகுப்பு அங்கேதான் தொடங்குகிறது. லாந்தனத்தை வைத்தால் டி தொகுப்பு லாந்தனத்துக்கும் ஹாஃப்னியத்துக்கும் நடுவே இரண்டாகப் பிளக்கும்.

தாதுமணல்: தோரியத்தைப் பற்றி யார் கேட்டது? லாந்தனத்தில் எஃப் எலக்ட்ரான் எத்தனை? பூஜ்யம். அதற்குப் பதில் சொல்லுங்கள். உங்கள் லுட்டீசியத்துக்குக் கீழே வரும் லாரன்சியத்தையும் பாருங்கள். அதன் கடைசி எலக்ட்ரான் டி-யிலேயே இல்லை, 7பி-யில் இருக்கிறது. 2015-இல் ஜப்பானில் அளந்த அயனியாக்கும் ஆற்றல் (ஓர் எலக்ட்ரானைப் பிடுங்கத் தேவையான ஆற்றல்) 4.96 ஈவி (எலக்ட்ரான் வோல்ட்), 7பி என்று போட்ட கணக்கோடு பொருந்தி வந்தது.

மோல்கணக்கு: எலக்ட்ரானை விட்டுவிட்டுப் பாட்டிலைத் திறந்து பாருங்கள் ஐயா. லாந்தனம் ஆக்சைடு காற்றில் இருந்தால் சுட்ட சுண்ணாம்பு மாதிரி ஈரத்தையும் கார்பன் டை ஆக்சைடையும் இழுக்கும். லிட்டருக்கு 1000 மி.கி. லாந்தனம் உள்ள கரைசல் வேண்டுமென்றால் 1.1728 கிராம் ஆக்சைடு. சூளையில் சுடாமல் பாட்டிலிலிருந்து அப்படியே நிறுத்தால், முழுக்க ஹைட்ராக்சைடாக மாறிய சரக்கில் 858 மி.கி.-தான் கிடைக்கும். இட்ரியம் ஆக்சைடு இவ்வளவு தொல்லை தராது. இரண்டும் ஒரே குடும்பமா?

தாதுமணல்: ஒரே குடும்பம்தான்! கால்சியம், ஸ்ட்ரான்சியம், பேரியம் என்று கீழே போகப் போக ஆக்சைடின் காரத்தன்மை கூடுகிறதல்லவா? ஸ்காண்டியம், இட்ரியம், லாந்தனமும் அதே வழிதான். அயனி ஆரம் 74.5, 90, 103 பிகோமீட்டர், ஏறிக்கொண்டே போகிறது. லுட்டீசியம் 86-க்கு இறங்குகிறது. மூன்று எலக்ட்ரானையும் எடுத்துவிட்டால் ஸ்காண்டியம் ஆர்கான் அமைப்பு, இட்ரியம் கிரிப்டான், லாந்தனம் செனான். எஃப் எங்கே? காலி.

நிறமாலை: ஏறினால்தான் குடும்பமா? டைட்டானியம் 60.5, சிர்கோனியம் 72, ஹாஃப்னியம் 71. ஹாஃப்னியத்தை 4-ஆம் தொகுதியிலிருந்து துரத்திவிட்டீர்களா? சீரியத்தில் நான்கு எலக்ட்ரானை எடுத்தாலும் செனான் அமைப்புதான். அதைச் சிர்கோனியத்துக்குக் கீழே வைக்கத் துணிவு உண்டா? லாந்தனம் 920 டிகிரியில் உருகிவிடும். ஸ்காண்டியம், இட்ரியம், லுட்டீசியம் மூன்றும் 1500 தாண்டித்தான்.

மோல்கணக்கு: இந்தத் தனிமங்கள் கலந்து கிடக்கும் மோனசைட் தாதுவைக் கந்தக அமிலத்தில் சிதைத்த கரைசலில் சோடியம் சல்பேட் போட்டுப் பாருங்கள். லாந்தனம், சீரியம், நியோடிமியம் இரட்டைச் சல்பேட்டாகக் கீழே படியும். இட்ரியம் அந்த 15-இல் கனமான கூட்டத்தோடு கரைசலிலேயே நிற்கும். லுட்டீசியம் இருக்கும் பக்கம் அது.

தாதுமணல்: லுட்டீசியத்தோடு நிற்கிறதா, ஹோல்மியத்தோடு நிற்கிறதா? ஹோல்மியம் அயனி 90.1, இட்ரியம் 90.0. உங்கள் கணக்குப்படி இட்ரியத்துக்குக் கீழே ஹோல்மியத்தை வையுங்கள். மணவாளக்குறிச்சி மணலில் மோனசைட் கிடைக்கிறது என்பதற்காக நீங்கள் தொகுதி பிரிக்க முடியாது. ஆக்சைடைச் சுட எத்தனை டிகிரி என்று முதலில் சொல்லுங்கள். ஈரம் போக 600 போதும்.

மோல்கணக்கு: 600-இல் தண்ணீர் போகும், கார்பனேட் போகாது. 900-க்கு மேல் ஒரு மணி நேரம் சுட்டு, டெசிகேட்டரில் (ஈரம் புகாத மூடிய கலத்தில்) ஆறவைத்து, உடனே நிறுக்க வேண்டும். முதலில் கொஞ்சம் தண்ணீரில் நனைத்துவிட்டு ஹைட்ரோகுளோரிக் அமிலத்தைச் சொட்டுச் சொட்டாக விடணும். ஒரேயடியாக ஊற்றினால் சூடேறிப் பொங்கித் தெறிக்கும், தெறித்ததெல்லாம் கணக்கில் குறையும். 600 போதும் என்று எழுதிப் புதிதாக வருகிறவர்களைக் கெடுக்காதீர்கள்.

தாதுமணல்: ஈரம் போக என்றுதான் எழுதியிருக்கிறேன். சரியாகப் படியுங்கள். போன மாதம் ஹைட்ரஜனைக் குளோரின் இருக்கும் 17-ஆம் தொகுதியில் போடச் சொல்லி இதே இடத்தில் மல்லுக்கு நின்றவர்தானே நீங்கள்! கேட்டது ஒன்றுதான்: லாந்தனத்தில் 4எஃப் எலக்ட்ரான் எத்தனை?

மோல்கணக்கு: ஹைட்ரஜன் பேச்சு எதற்கு இப்போது? சோடியம் ஹைட்ரைடை (சோடியம் குளோரைடில் குளோரின் இருக்கும் இடத்தில் ஹைட்ரஜன்) அன்றே காட்டினேன், பதில் சொல்லாமல் நழுவினீர்கள்.

நிறமாலை: எலக்ட்ரான் எண்ணிக்கையே எல்லாம் என்றால் ஹீலியத்தில் எஸ் எலக்ட்ரான் இரண்டு, பி பூஜ்யம். பெரிலியத்துக்கு மேலே வையுங்கள் பார்ப்போம்.

தாதுமணல்: ஹீலியத்தின் அயனியாக்கும் ஆற்றல் 24.6 ஈவி, பெரிலியம் 9.3. எங்கே வைப்பது என்று குழந்தைக்கும் தெரியும். அது விதிவிலக்கு.

நிறமாலை: தோரியம் பேசக் கூடாது, சீரியத்துக்குப் பதில் இல்லை, ஹீலியம் விதிவிலக்கு. லாந்தனத்துக்கு மட்டும் விதி. நல்லா இருக்கு.

தாதுமணல்: சீரியம் அணுவிலேயே 4எஃப்-இல் ஒன்று இருக்கிறது, அதனால் எஃப் தொகுப்பு. பதில் வந்ததா? லாந்தனத்தில் அந்த ஒன்று இல்லை.