மில் மோட்டருக்குக் கப்பாசிற்றர் எங்கே பூட்டுவது?

வணக்கம் அண்ணாமார், அக்காமார். உப்புவெளிப் பக்கம் சின்னதாக ஒரு மிளகாய் அரைக்கும் மில் வைத்திருக்கிறேன். 230 வோல்ற்று, 2 குதிரைவலு மோட்டர். அரைக்கும்போது கிளாம்ப் மீற்றர் 10 அம்பியர் காட்டுகிறது, வாற்று மீற்றரோ 1500தான். பெருக்கினால் 2300 வரவேண்டுமே, மீற்றர் பழுது என்றுதான் முதலில் நினைத்தேன்.

உயர்தரம் படிக்கும் தங்கச்சியின் மகன், "மாமா, உங்கட வலுக்காரணி 0.65" என்றான். அதாவது வாற்று மீற்றர் காட்டும் 1500ஐ, பெருக்கி வந்த 2300ஆல் பிரித்தால் வருவது. ஹீற்றர் போலத் தடை மட்டும் இருந்தால் மின்னோட்டமும் அழுத்தமும் ஒன்றாகப் போகும். சுருளில் மின்னோட்டம் பிந்தும், கப்பாசிற்றரில் முந்தும், ஒன்றை மற்றது ஈடுகட்டும் என்று மிளகாய்ப் பையின் பின்பக்கத்தில் கீறிக் காட்டினான். 0.95க்குக் கொண்டுவர, 50 ஹேர்ட்ஸில் ஏறக்குறைய 75 மைக்ரோபரட் சமாந்தரமாக வேண்டுமாம். லைனில் 6.9 அம்பியர்தான் ஓடுமாம். நானும் கணக்குப் போட்டுப் பார்த்தேன், சரியாகத்தான் வருகிறது.

என் மீற்றர் யூனிற்றை மட்டும்தான் எண்ணுகிறது, அதனால் பில் பெரிதாகக் குறையாது என்று தெரியும். மத்தியானத்தில் வயர் கைவைக்க முடியாமல் சுடுகிறது, அதுதான் கவலை.

செய்து பார்த்தவர்கள் சொல்லுங்கள்: சுவிட்சுக்குப் பிறகு மோட்டரோடு பூட்டுவதா, மெயின் போர்டிலா? போர்டில் கிடந்தால் மோட்டர் நின்றபின் வலுக்காரணி முந்துபக்கம் போய்விடாதா? நிறுத்தியதும் மிச்ச மின்னேற்றம் இறங்க எத்தனை ஓம் தடை போடுகிறீர்கள்? வேலையை எலக்ட்ரீஷியன்தான் செய்வார், அவரோடு கதைக்கமுன் கேட்கிறேன்.