டெட்ராய்ட் ஆற்றில் ஓடிய விமான இன்ஜின்கள்: காசிமேட்டு மெக்கானிக் ஒருவரின் அனுபவம்

காசிமேடு மீன்பிடித் துறைமுகத்தில் விசைப்படகுகளின் டீசல் இன்ஜின்களைப் பிரித்துப் பழுது பார்ப்பது என் தொழில். அமெரிக்காவின் டெட்ராய்ட் நகருக்கு அருகில் கார் உதிரிபாகத் தொழிற்சாலை ஒன்றில் பணிபுரியும் என் அக்கா மகன் வீட்டுக்குச் சென்றிருந்தபோது, அவன் என்னை பெல் ஐல் தீவிலுள்ள டாசின் அருங்காட்சியகத்துக்கு அழைத்துச் சென்றான். கப்பல் மாதிரிகளைப் பார்த்துவிட்டுக் கிளம்பிவிடலாம் என்றுதான் நினைத்திருந்தோம். ஆனால் அங்கே வைக்கப்பட்டிருந்த ‘மிஸ் பெப்சி’ என்ற பந்தயப் படகின் முன்னால் நின்றதும் எனக்கு நேரம் போனதே தெரியவில்லை.

வார்னிஷ் பூசி மெருகேற்றிய மஹோகனி மரப் படகு அது; ஏறக்குறைய 36 அடி நீளம். டெட்ராய்டில் பெப்சி பானத்தைப் புட்டியில் அடைத்து விற்ற டாசின் குடும்பத்தார் அதை 1950களில் பந்தயத்தில் ஓட்டினார்கள். அதனுள் போர் விமானங்களுக்கென்று செய்யப்பட்ட ஆலிசன் இன்ஜின்கள் இரண்டு, ஒன்றன்பின் ஒன்றாக இருந்தன. ஆலிசன் ஒன்றுக்குப் பன்னிரண்டு சிலிண்டர், சுமார் 28 லிட்டர் கொள்ளளவு. குனிந்து அடிப்பலகையைப் பார்த்தபோது, நடுவில் குறுக்காக ஒரு படி வெட்டியதுபோல் இருந்தது. நம் விசைப்படகு தண்ணீரைத் தள்ளிக்கொண்டு போகிறது. அதற்கு இன்ஜின் சக்தியைக் கூட்டக் கூட்ட அலைதான் பெரிதாகுமே தவிர, வேகம் அந்த அளவுக்குக் கூடாது. இந்தப் படி இருந்தால், வேகம் பிடித்ததும் படகின் உடல் மேலே எழும்பி, அடிப்பாகத்தில் இரண்டு இடங்கள் மட்டும் நீரைத் தொட வழுக்கிக்கொண்டு ஓடும்.

நான் குனிந்து பார்ப்பதைக் கவனித்த முதியவர் ஒருவர் அருகில் வந்து, என்ன தொழில் செய்கிறேன் என்று விசாரித்தார். அக்கா மகன் மொழிபெயர்த்துச் சொன்னதும் அவர் முகம் மலர்ந்தது. தம் தந்தை பாக்கார்டு கார் தொழிற்சாலையில் வேலை பார்த்தவர் என்றும், போர்க்காலத்தில் அங்கே ரோல்ஸ் ராய்ஸ் மெர்லின் விமான இன்ஜின்களைப் பூட்டும் பிரிவில் இருந்தவர் என்றும் சொன்னார். போர் முடிந்ததும் உபரியாகிப்போன இன்ஜின்கள் மலிவாகக் கிடைக்கவே, பந்தயக்காரர்கள் அவற்றை வாங்கிப் படகில் பொருத்தினார்களாம். பந்தய நாளில் ஆற்றங்கரைச் சுவரில் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டு, வருவது மெர்லினா ஆலிசனா என்று சத்தத்தை வைத்தே அவருடைய தந்தை சொல்லிவிடுவாராம். “அவர் கட்டிய இன்ஜின் தோற்றால் அன்று வீட்டில் யாரும் பேச மாட்டோம்” என்றார் அவர். இதில் எனக்கு வியப்பே இல்லை. நான் வால்வு செட் பண்ணி அனுப்பிய படகு நடுக்கடலில் நின்றுவிட்டது என்று கேள்விப்பட்டால் எனக்கும் சோறு இறங்காது.

அன்றிரவு முதல் அந்த ஊர்ப் பந்தய வரலாற்றை விடாமல் படித்தேன். ‘கோல்டு கப்’ என்ற பந்தயம் 1904-இல் நியூயார்க்கின் ஹட்சன் ஆற்றில் தொடங்கியது. யார் வெல்கிறாரோ அவருடைய ஊரில் அடுத்த பந்தயம் நடக்கும் என்பது அப்போதைய ஏற்பாடு. 1915-இல் ‘மிஸ் டெட்ராய்ட்’ என்ற படகு வென்றதால், மறு ஆண்டு பந்தயம் டெட்ராய்ட் ஆற்றுக்கு வந்தது. அந்தப் படகை வடிவமைத்தவர், பக்கத்திலுள்ள அல்கோனாக் ஊரின் படகுத் தச்சர் கிறிஸ் ஸ்மித். படகை விலைக்கு வாங்கியவர் கார் வுட் என்பவர். அவருடைய பணம் வந்த வழி வடசென்னைக்காரர்களுக்கு நன்றாகப் புரியும். லாரியிலிருந்து நிலக்கரியைக் கொட்டுவதற்கு ஓட்டுநர் கையால் கிராங்க் சுற்றித் தவிப்பதைக் கண்டு, எண்ணெய் அழுத்தத்தில் தொட்டியைத் தூக்கும் கருவியைச் செய்தவர் அவர். மணலியிலும் எண்ணூர் நெடுஞ்சாலையிலும் இரவு பகலாக ஓடும் டிப்பர் லாரிகளைப் பார்க்கும்போதெல்லாம் இப்போது எனக்கு அந்த மனிதரின் நினைவு வருகிறது.

கார் வுட் 1917 முதல் 1921 வரை தொடர்ந்து ஐந்து முறை கோல்டு கப்பை வென்றார். விமானத்துக்கான லிபர்டி இன்ஜின்களைப் படகில் வைத்து அவர் ஓட்டிய ஓட்டத்துக்கு யாராலும் ஈடுகொடுக்க முடியாமல் போகவே, பந்தயக் குழு இன்ஜின் அளவைக் குறைத்து விதியையே மாற்றியது. மாற்றிய விதியின் கீழ் 1922-இல் வென்றவர் ஜெஸ்ஸி வின்சென்ட். பாக்கார்டு நிறுவனத்தின் தலைமைப் பொறியாளரான அவர், லிபர்டி இன்ஜினை வடிவமைத்த இருவரில் ஒருவர். வரைபடம் போட்டவரே சுக்கானைப் பிடித்து ஓட்டினார் என்பதில் அந்த நகரத்தின் இயல்பு முழுதும் தெரிகிறது.

நாடுகளுக்கிடையிலான ஹார்ம்ஸ்வொர்த் கோப்பையை கார் வுட் 1920-இல் இங்கிலாந்துக்கே சென்று வென்று வந்தார். 1931 செப்டம்பரில் அதை மீட்க ‘மிஸ் இங்கிலாந்து II’ படகுடன் பிரிட்டன் வீரர் கே டான் வந்தபோது, டெட்ராய்ட் ஆற்றின் இரு கரைகளிலும் லட்சக்கணக்கானோர் கூடினர். முதல் ஓட்டத்தில் டான் வென்றார். படகு சேதமடைந்ததால் இரவெல்லாம் பழுது பார்த்த வுட், நாற்பத்தைந்து நிமிட அவகாசம் கேட்டார், டான் மறுத்துவிட்டார். அடுத்த ஓட்டத்தில் இருவரும் குறித்த நேரத்துக்கு ஐந்து விநாடிக்கும் அதிகமாக முந்திக் கோட்டைத் தாண்டியதால், இருவருமே தகுதி இழந்தனர். டானின் படகு திருப்பத்தில் கவிழ்ந்தது. ஆட்கள் உயிர் தப்பினர். பின்னால் நிதானமாக வந்த வுட்டின் தம்பி ஜார்ஜிடம் கோப்பை போய்ச் சேர்ந்தது. வுட் வேண்டுமென்றே முந்திக் கிளம்பி, டானையும் தகுதி இழக்கும்படி இழுத்துவிட்டார் என்று பத்திரிகைகள் எழுதின. அது சூழ்ச்சி என்றே எனக்கும் தோன்றுகிறது. ஆயினும், ராத்திரி முழுவதும் படகோடு மல்லுக்கட்டியவனுக்கு முக்கால் மணி நேரம் தர மறுத்ததை என்னால் ஏற்க முடியவில்லை. எங்கள் கடலில் ஒரு போட்டு நின்றால், எதிரியின் போட்டுதான் கயிறு கட்டி இழுத்து வரும்.

மறு ஆண்டு வுட், பாக்கார்டு இன்ஜின்கள் நான்கைப் பொருத்திய ‘மிஸ் அமெரிக்கா X’ படகை அல்கோனாக்கில் மணிக்கு 124.9 மைல் வேகத்தில், அதாவது சுமார் 201 கிலோமீட்டர் வேகத்தில் ஓட்டிச் சாதனை படைத்தார். அந்த மரக்கட்டுப் படகின் 6,400 குதிரைசக்தியை என்னால் கற்பனை செய்யவே முடியவில்லை.

டெட்ராய்டின் செருக்கை உடைத்தது சியாட்டில். 1950-இல் அங்கிருந்து வந்த ‘ஸ்லோ-மோ-ஷன் IV’ டெட்ராய்ட் ஆற்றிலேயே கோல்டு கப்பை வென்று, பந்தயத்தைத் தன் ஊருக்குக் கொண்டுபோய்விட்டது. அதன் முன்பக்கம் இருபுறமும் இரண்டு மிதவைகள். பின்னால், படகைத் தள்ளும் விசிறியின் (புரொப்பெல்லர்) பாதி நீருக்கு மேலே நிற்கும். இதில் என்னைக் கட்டிப்போட்டது கியர்பாக்ஸ்தான். எங்கள் விசைப்படகில் லேலண்ட் இன்ஜினின் சுழற்சியை கியர்பாக்ஸ் குறைத்துக் கொடுக்கும்; வலையை இழுக்கப் பெரிய விசிறி மெதுவாகச் சுற்ற வேண்டும். அந்தப் பந்தயப் படகிலோ கியர்பாக்ஸ் சுழற்சியை மூன்று மடங்காகக் கூட்டுகிறது; சின்ன விசிறி வெறிகொண்டு சுற்ற வேண்டும். விமானத்துக்கென்று பிறந்த இன்ஜினைத் தண்ணீருக்குப் பழக்கியதும், லாரிக்கென்று எண்ணூரில் பிறந்த இன்ஜினைக் கடலுக்குப் பழக்கியதும் ஒரே வகை அறிவு என்பது என் உறுதியான எண்ணம்.

எண்ணூரில் அந்த லாரி இன்ஜின்களைச் செய்த நிறுவனம் 1948-இல் அசோக் மோட்டார்ஸாகத் தொடங்கி, 1955-இல் அசோக் லேலண்ட் ஆனது. சோழவரத்தின் பழைய விமான ஓடுதளத்தில் பல்லாண்டுகள் நடந்த கார், மோட்டார் சைக்கிள் பந்தயங்களைப் பற்றியாவது சிலர் எழுதியிருக்கிறார்கள். லாரி இன்ஜினிலிருந்து ரேடியேட்டரைக் கழற்றிவிட்டு, உப்பு நீரில் குளிரும்படி ஏற்பாடு செய்து, மரைன் கியர்பாக்ஸ் மாட்டி, ஷாப்டு நேர் பார்த்துப் படகில் இறக்கிய எங்கள் மூத்த மெக்கானிக்குகளைப் பற்றி எழுதியதை நான் எங்கும் கண்டதில்லை. ஊர் திரும்பியதும் அவர்களில் சிலரைத் தேடிப் போய்ப் பேசி, சொல்வதை நோட்டில் எழுதி வருகிறேன். ராயபுரம், திருவொற்றியூர் பக்கம் அந்தத் தலைமுறையினர் வீட்டில் இருந்தால், அவர்களிடம் கேட்டு நீங்களும் இங்கே எழுதுங்கள். எந்த ஆண்டு, எந்த இன்ஜின், எந்தப் பட்டறை என்ற விவரங்களோடு எழுதினால் பெரும் உதவியாக இருக்கும்.